அதே முகம், வேறு ஆள்

(திரைப்படச் சங்கக் கூட்டமொன்றில் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



இன்று ஒரு நடிகரைப் பற்றிப் பேசப் போகிறேன். பிரெஞ்சு நடிகர். பெயர் ழான் லூயி திரந்தின்யான். 1930 டிசம்பரில் பிறந்தார், 2022 ஜூனில் மறைந்தார். இடையில் நூற்றுக்கும் மேற்பட்ட படங்கள். அந்தப் படங்களில் அவர் யார் யாராக வந்தார் தெரியுமா? கார்ப் பந்தய வீரராக வந்தார். கொலைக்குத் துணைபோகும் கோழையாக வந்தார். பேச்சிழந்த துப்பாக்கி வீரனாக வந்தார். ராணுவத் தளபதிகளைக் கூண்டில் ஏற்றும் விசாரணை நீதிபதியாக வந்தார். அண்டை வீட்டுத் தொலைபேசியை ஒட்டுக்கேட்கும் கிழவராக வந்தார். படுக்கையில் விழுந்த மனைவிக்குக் கரண்டியில் ஊட்டிவிடும் எண்பது வயதுக் கணவராகவும் வந்தார்.

ஒரு நடிகரைப் பன்முக நடிகர் என்று எப்போது சொல்கிறோம்? வேஷம் மாற்றும்போது சொல்கிறோம். ஒரு படத்தில் தாடி, அடுத்த படத்தில் மொட்டை. ஒரு படத்துக்கு இருபது கிலோ ஏற்றுகிறார், அடுத்த படத்துக்கு முப்பது கிலோ இறக்குகிறார். நடை மாறுகிறது, குரல் மாறுகிறது, ஒப்பனைக்கே நான்கு மணி நேரம் ஆயிற்று என்று பேட்டி வருகிறது. அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. பெரிய உழைப்பு அது. கை வலிக்கத் தட்டியவன்தான் நானும்.

ஆனால் திரந்தின்யானிடம் இதில் எதுவுமே கிடையாது. அறுபது ஆண்டுகளுக்கும் மேலாக அதே முகம். அதே தணிந்த குரல். பாதிச் சிரிப்பில் நின்றுவிடும் அதே உதடு. ஒட்டு மூக்கு வைத்துக்கொண்டதில்லை, கத்திக் கூரையைப் பெயர்த்ததில்லை. அப்புறம் எப்படி ஒவ்வொரு படத்திலும் வேறு ஆளானார்? இதுதான் இன்று மாலை நான் உங்கள் முன் வைக்கும் கேள்வி.

என் பதிலை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், பிறகு சாட்சிகளைக் கூப்பிடுகிறேன். தம்புராவின் சுருதி மாறுவதில்லை, அதன் மேல் ராகம் மாறுகிறது. இந்த மனிதரின் அசைவின்மைதான் அவருடைய சுருதி. அவர் சும்மா இருப்பார். அந்தச் சும்மா இருத்தலுக்கு ஒரு படத்தில் நேர்மை என்று பொருள். அடுத்த படத்தில் கோழைத்தனம் என்று பொருள். இன்னொன்றில் கூச்சம், இன்னொன்றில் தீராத துக்கம். செய்வது ஒன்றுதான், உள்ளே வைத்துப் பூட்டியிருப்பது மட்டும் வேறு வேறு.

சரி, ஊரிலிருந்து தொடங்குவோம்.

பிரான்சின் தெற்கே, அவிஞ்ஞோன் நகருக்கு வடக்கே, பியோலாங்க் என்றொரு சிறிய ஊர். திராட்சைத் தோட்டமும் வெயிலும் உள்ள பகுதி. அங்கே வசதியான குடும்பத்தில் பிறந்தார். தந்தை தொழிலதிபர். ஆனால் அந்தக் குடும்பத்தின் பெயர் ஊரெங்கும் பரவியது தொழிலால் இல்லை, கார்ப் பந்தயத்தால். தந்தையின் சகோதரர்களில் ஒருவர், லூயி, 1933இல் பந்தயப் பயிற்சியில் விபத்துக்குள்ளாகி உயிர் விட்டவர். இன்னொரு உறவு, சித்தப்பா மொரீஸ் திரந்தின்யான், 1954இல் லே மான் 24 மணி நேரப் பந்தயத்தில் வென்றவர், மொனாக்கோ கிராண்ட் பிரீயை 1955லும் 1958லும் வென்றவர்.

இந்த மொரீஸைப் பற்றி ஒரு கதை உண்டு, தலைப்புக்குச் சம்பந்தமில்லை, இருந்தாலும் சொல்லாமல் விட மனமில்லை. போர்க்காலத்தில் தன் புகாட்டி காரை ஒரு கொட்டகையில் ஒளித்து வைத்திருந்தார். போர் முடிந்ததும் 1945இல் பாரிஸில் நடந்த பந்தயத்துக்கு அதை ஓட்டிப் போனார். வண்டி பாதியில் நின்றுவிட்டது. பார்த்தால் எரிபொருள் வடிகட்டி முழுக்க எலிப் புழுக்கை! அன்றிலிருந்து சகாக்கள் அவருக்கு அதையே செல்லப் பெயராக வைத்துவிட்டார்கள். மனிதர் கோபித்துக்கொள்ளவில்லை. பிற்காலத்தில் சொந்தத் தோட்டத்து ஒயினுக்கே அந்தப் பெயரை வைத்தார்.

இப்படிப்பட்ட குடும்பத்தில் நம் பையன் எப்படி இருந்தான்? மகா கூச்சம். நாலு பேர் முன்னால் வாய் திறக்க வராது. எக்ஸ் நகரத்துக்குச் சட்டம் படிக்கப் போனான். அங்கே ஒரு நாள் ஷார்ல் துல்லான் நடித்த மொலியேரின் கஞ்சன் நாடகத்தைப் பார்த்தான். துல்லான் அந்நாளைய பெரும் நாடக ஆசான். நாடகம் முடிந்து வெளியே வந்தவனுக்குச் சட்டப் புத்தகம் கசந்துவிட்டது. இருபது வயதில் பாரிஸுக்கு ரயில் ஏறினான். துல்லான் ஏற்படுத்திய பள்ளியிலும் தானியா பலஷோவா என்ற ஆசிரியையிடமும் பயின்றான். தெற்கத்திக் கொச்சை நாக்கை விட்டுப் போகவில்லை, கூச்சமும் போகவில்லை. படம் இயக்கும் படிப்பிலும் சேர்ந்து பார்த்தான். உண்மையில் இயக்குநராவதுதான் அவனுடைய ஆசை.

கூச்ச சுபாவிகள் ஏன் நடிக்க வருகிறார்கள்? இது எனக்கு வெகுநாளாக உள்ள சந்தேகம். அடுத்தவனுடைய வசனத்துக்குப் பின்னால் ஒளிந்துகொள்ளலாம் என்பதாலா? அப்படி ஒளிந்துகொண்டவர்கள் நிறைய உண்டு. திரந்தின்யான் அதையும் செய்யவில்லை. தன் கூச்சத்தை அப்படியே கேமராவுக்கு முன்னால் கொண்டுபோய் நிறுத்தினார். அதுவே அவருடைய முதல் மூலதனம்.

1956. ரோஜே வதீம் இயக்கிய 'கடவுள் பெண்ணைப் படைத்தார்'. சேன் துரோப்பே கடற்கரை, பிரிஜித் பர்தோ. உலகம் முழுக்கப் பர்தோவைப் பார்த்தது. அவளைக் கட்டிக்கொண்டு திணறும் சாதுவான புருஷனாக நடித்த பையனை யார் கவனித்தார்கள்? படத்தில் பர்தோ அவனுக்கு மனைவி, வெளியில் இயக்குநர் வதீமுக்கு மனைவி. படம் முடிவதற்குள் நிஜக் காதலும் வந்துவிட்டது, அந்தத் திருமணமும் முறிந்தது. பத்திரிகைகளுக்குக் கொண்டாட்டம். திரந்தின்யானுக்கோ அந்த வெளிச்சமே ஆகவில்லை. அந்த நேரம் பார்த்துக் கட்டாய ராணுவ சேவைக்கு அழைப்பு வந்தது. அல்ஜீரியப் போர் நடந்துகொண்டிருந்த காலம். திரும்பி வந்தபோது காதலும் இல்லை, வாய்ப்பும் இல்லை. ஹாம்லெட்டாக மேடை ஏறினார். வதீமே மீண்டும் தன் படத்துக்குக் கூப்பிட்டார் என்பதையும் சொல்ல வேண்டும். பிரெஞ்சுக்காரர்கள் இந்த விஷயத்தில் நம்மைவிடப் பெருந்தன்மையானவர்கள்!

நண்பர்களே, இனி முதல் சாட்சி.

1962. இத்தாலி. தீனோ ரீசி இயக்கிய 'இல் சோர்ப்பாஸோ'. ஆகஸ்ட் 15, இத்தாலியில் எல்லாரும் ஊரைக் காலி செய்துவிட்டுக் கடற்கரைக்குப் போகும் விடுமுறை நாள். ரோமில் ஈ காக்கை இல்லை. வித்தோரியோ காஸ்மன் நடித்த புரூனோ என்பவன் லான்சியா காரில் சுற்றிக்கொண்டிருக்கிறான், ஒரு தொலைபேசி கிடைக்குமா என்று. மாடி ஜன்னலில் ஒரு முகம் தெரிகிறது. பரீட்சைக்குப் படித்துக்கொண்டிருக்கும் சட்ட மாணவன் ரொபெர்த்தோ. அதுதான் நம் ஆள். நிஜத்தில் விட்ட சட்டப் படிப்பு படத்தில் பிடித்துக்கொண்டது!

காஸ்மன் படம் முழுக்கப் பேசுகிறார், பாடுகிறார், ஹாரன் அடிக்கிறார், பெண்களிடம் வழிகிறார். திரந்தின்யான் என்ன செய்கிறார்? பக்கத்து இருக்கையில் உட்கார்ந்திருக்கிறார். அவ்வளவுதான். 'இறங்கிப் போய்விட வேண்டும்' என்று மனசுக்குள் முனகுகிறான் பையன், அந்த முனகல் நமக்குக் கேட்கிறது, ஆனால் இறங்க மாட்டான். மணிக்கு மணி அந்த முகத்தில் ஒரு பூட்டு திறந்துகொண்டே வருகிறது. படத்தின் கடைசியில், வாழ்க்கையில் முதல் முறையாக, இன்னும் வேகமாகப் போ என்று அவனே உற்சாகமாகக் கத்துகிறான். அடுத்த வளைவில் விபத்து. இறந்தது அவன்.

ஒன்றரை மணி நேரம் அடக்கி வைத்த ஒரு மனிதன் ஒரு நிமிடம் திறந்தான், உடனே முடிந்துபோனான். காஸ்மனின் ஆர்ப்பாட்டம் பார்க்கும்போது இனிக்கிறது. ஆனால் வீட்டுக்கு வந்த பிறகு நம்மைத் தூங்க விடாதது எது? பக்கத்து இருக்கைப் பையனின் முகம்தான்.

அடுத்தது 1966. 'ஓர் ஆணும் ஒரு பெண்ணும்'. கிளோத் லெலூஷ் என்ற இயக்குநருக்கு அப்போது முப்பது வயதுகூட ஆகவில்லை. கையில் காசு இல்லை. முழுப் படத்தையும் வண்ணத்தில் எடுக்க வசதியில்லாமல் பாதி வண்ணம், பாதி கறுப்பு வெள்ளை. விமர்சகர்கள் அதை அழகியல் சோதனை என்று எழுதினார்கள், அது பர்ஸ் செய்த சோதனை. மனைவியை இழந்த பந்தய வீரர் ஒருவர், கணவனை இழந்த பெண் ஒருத்தி. அனூக் எமே நடித்தார். இருவரின் குழந்தைகளும் தோவில் என்ற கடலோர ஊரில் விடுதிப் பள்ளியில் படிக்கிறார்கள். அங்கே பழக்கம்.

இந்தப் படத்தில் எனக்குப் பிடித்த இடம் கடற்கரையும் இல்லை, உலகமே முணுமுணுத்த பிரான்சிஸ் லேயின் பாட்டும் இல்லை. மொனாக்கோவில் பந்தயம் முடிந்திருக்கிறது. 'உங்களைக் காதலிக்கிறேன்' என்று அவளிடமிருந்து தந்தி. மனிதர் உடையைக்கூட மாற்றாமல் காரை எடுத்துவிடுகிறார். இரவு முழுக்க மழை, துடைப்பான் இங்கும் அங்கும் ஆடுகிறது. ஸ்டியரிங்கைப் பிடித்தபடி தனக்குத்தானே ஒத்திகை பார்க்கிறார்: போய் நின்று என்ன சொல்வது? மணி அடிப்பதா? விடிகாலையில் எழுப்பினால் என்ன நினைப்பாள்? மணிக்கு இருநூறு கிலோமீட்டரில் போகிறவன் ஒரு கதவைத் தட்டப் பயப்படுகிறான்! பந்தயக்காரக் குடும்பத்து ரத்தமும் பியோலாங்க் பையனின் கூச்சமும் ஒரே இருக்கையில் உட்கார்ந்திருந்த காட்சி அது. கான் திரைப்பட விழாவின் முதல் பரிசு, இரண்டு ஆஸ்கர்கள், உலகப் புகழ். ஒரே இரவில் பிரான்சின் காதல் நாயகன்.

இந்த இடத்தில் வேறொரு நடிகராக இருந்தால் என்ன செய்திருப்பார்? அதே காதலனாகப் பத்துப் படம் நடித்திருப்பார். தயாரிப்பாளர்களும் வாசலில் நின்றிருப்பார்கள். திரந்தின்யான் என்ன செய்தார்? அடுத்த நான்கு ஆண்டுகளில் அந்தக் காதலனைத் தன் கையாலேயே கலைத்தார். அந்த நான்கு ஆண்டுகளைப் பற்றித்தான் நான் முக்கியமாகப் பேச வந்தேன்.

1968. செர்ஜியோ கொர்புச்சியின் 'மாபெரும் மௌனம்'. கௌபாய் படம், ஆனால் பாலைவனமும் புழுதியும் இல்லாத கௌபாய் படம். இத்தாலியின் தோலமைட் மலைகளில் எடுத்த படம், எங்கும் இடுப்பளவு பனி. நாயகனின் குரல்வளையைச் சிறு வயதிலேயே அறுத்துவிட்டார்கள், பேச முடியாது. ஆகவே நம் நடிகருக்கு ஒரு வரி வசனம்கூட இல்லை. எதிரே வில்லனாகக் கிளாவுஸ் கின்ஸ்கி. கண்களாலேயே நாலு பக்க வசனம் பேசுகிற ஆள். திரந்தின்யான் அவரோடு போட்டி போடவில்லை, பார்த்துக்கொண்டு மட்டும் இருக்கிறார். முடிவில் நாயகன் சாகிறான், வில்லன் வெற்றியோடு குதிரை ஏறுகிறான். தயாரிப்பு வட்டாரம் அரண்டுபோய் மகிழ்ச்சியான முடிவு ஒன்றையும் தனியாக எடுத்து வைக்கச் சொன்னது. நல்லவேளை, உலகம் ஞாபகம் வைத்திருப்பது முதல் முடிவைத்தான்.

1969. இந்த ஆண்டைக் கொஞ்சம் நிதானமாகப் பாருங்கள். அந்த ஆண்டு கான் போட்டியில் இரண்டு படங்கள், இரண்டிலும் திரந்தின்யான்.

ஒன்று கோஸ்தா காவ்ரஸின் 'இசட்'. 1963இல் கிரேக்க நாட்டின் தெஸ்ஸலோனிகி நகரில் லம்பிராக்கிஸ் என்ற எதிர்க்கட்சி எம்.பி. நடுத்தெருவில் தாக்கப்பட்டு இறந்தார். விபத்து என்றது போலீஸ். இளம் விசாரணை நீதிபதி ஒருவர் நம்பவில்லை. தோண்டினார். தோண்டத் தோண்டப் போலீஸ் மேலதிகாரிகள் வரை போயிற்று. அந்த நீதிபதியின் நிழலில் உருவான பாத்திரம்தான் திரந்தின்யானுடையது. 1967இல் கிரேக்கத்தில் ராணுவ ஆட்சி வந்துவிட்டதால் படத்தை அங்கே எடுக்க வழியில்லை, அல்ஜியர்ஸில் எடுத்தார்கள்.

படத்தில் அவர் வருவதே தாமதமாகத்தான். நிறம் பூசிய கண்ணாடி, சாம்பல் நிற கோட்டு, மேசை. புரட்சி வசனம் உண்டா? கிடையாது. கண்ணீர் உண்டா? கிடையாது. மார்பு நிறையப் பதக்கம் குத்திய அதிகாரிகள் ஒருவர் பின் ஒருவராக உள்ளே வருகிறார்கள். ஒவ்வொருவரும் மிரட்டுகிறார்கள், தங்கள் சேவையைச் சொல்லி மார் தட்டுகிறார்கள். அவர் தலையைக்கூட உயர்த்தாமல் கேட்கிறார்: பெயர்? குடும்பப் பெயர்? தொழில்? பக்கத்தில் குமாஸ்தாவின் தட்டச்சு இயந்திரம் படபடக்கிறது. அடுத்தவர். பெயர்? குடும்பப் பெயர்? தொழில்? அடுத்தவர். சாதாரணத் திருடனிடம் கேட்கும் அதே மூன்று கேள்வி, அதே தொனி. அரங்கில் உட்கார்ந்திருக்கும் நமக்கு எழுந்து கைதட்டத் தோன்றும். அவர் முகத்தில் வெற்றியின் சுவடுகூட இருக்காது. அந்த ஆண்டின் சிறந்த நடிகர் விருதைக் கான் விழா அவருக்குக் கொடுத்தது. நிஜ நீதிபதி சார்த்செட்டாக்கிஸ் ராணுவ ஆட்சியில் சிறை போனார், ஜனநாயகம் திரும்பிய பின் 1985இல் கிரேக்கத்தின் குடியரசுத் தலைவரே ஆனார். சினிமாக்காரர்கள் இப்படி ஒரு முடிவை எழுதியிருந்தால் நாம் நம்பியிருக்க மாட்டோம்.

அதே விழாவின் இன்னொரு படம் எரிக் ரோமேரின் 'மோதின் வீட்டில் ஓர் இரவு'. கதை கிறிஸ்துமஸ் சமயத்தில் நடக்கிறது. திரந்தின்யானுக்கு அந்தக் குளிர்காலத்தில் தேதி இல்லை. ரோமேர் என்ன செய்தார்? வேறு மாதத்தில் எடுத்துச் சமாளிக்கவில்லை, வேறு நடிகரையும் தேடவில்லை. அடுத்த கிறிஸ்துமஸ் வரும்வரை ஒரு வருடம் காத்திருந்தார்!

கிளெர்மோன்-ஃபெரான் நகரத்தில் மிஷலின் டயர் நிறுவனத்துப் பொறியாளர் ஒருவர். பக்தியுள்ள கத்தோலிக்கர். தேவாலயத்தில் பார்த்த ஒரு பெண்ணைத்தான் கட்டுவேன் என்று மனசுக்குள் முடிவு செய்தவர். நண்பன் ஒருவன் மோத் என்ற பெண்ணின் வீட்டுக்குக் கூட்டிப் போகிறான். அவள் டாக்டர், விவாகரத்தானவள், அறிவும் அழகும் உள்ளவள், கடவுள் நம்பிக்கை இல்லாதவள். வெளியே பனி கொட்டுகிறது, வண்டி ஓட்டிப் போக முடியாது. நண்பன் நழுவிவிடுகிறான். இரவு முழுக்க இருவரும் பேசுகிறார்கள். எதைப் பற்றி? தத்துவஞானி பாஸ்கலைப் பற்றி! கடைசியில் மனிதர் போர்வையைக் கழுத்து வரை சுற்றிக்கொண்டு கட்டிலின் ஓரத்தில் படுக்கிறார். விசாரணை அறையில் அதிகாரிகளை நடுங்க வைத்த அதே அமைதி, இங்கே ஒரு பெண்ணுக்கு முன்னால் எப்படிச் சங்கடமாகி நிற்கிறது பாருங்கள். கொள்கை என்று அவர் நினைத்துக்கொண்டிருப்பது வெறும் பயமோ என்று நமக்கே சந்தேகம் வருகிறது. ஒரே ஆண்டு. ஒரே முகம். ஒரே விழா.

இப்போது 1970. பெர்னார்தோ பெர்த்தொலுச்சியின் 'கன்ஃபார்மிஸ்ட்'. மொராவியாவின் நாவல். முசோலினி காலத்து இத்தாலி. மார்செல்லோ கிளெரிச்சி என்பவன் எல்லாரையும் போல ஒருவனாக இருந்துவிட வேண்டும் என்று துடிக்கிறான். எல்லாரும் பாசிஸ்ட்டா, நானும் பாசிஸ்ட். எல்லாருக்கும் கல்யாணமா, எனக்கும் கல்யாணம். தேனிலவுக்குப் பாரிஸ் போகிறவனுக்குக் கட்சி ஒரு வேலை கொடுக்கிறது: அங்கே அடைக்கலம் புகுந்திருக்கும் உன் பழைய பேராசிரியரைத் தீர்த்துக்கட்ட உதவு.

பனி மூடிய காட்டுப் பாதை. பேராசிரியரின் காரை மறிக்கிறார்கள். மரங்களுக்கு இடையிலிருந்து வந்தவர்கள் அவரைக் கத்தியால் குத்துகிறார்கள். அவருடைய இளம் மனைவி ஆன்னா பின்னால் நிற்கும் காரை நோக்கி ஓடிவருகிறாள். அந்தக் காரின் பின்னிருக்கையில் மார்செல்லோ. இரண்டு நாள் முன்பு வரை அவள் மேல் காதல் கொண்டிருந்தவன். அவள் கண்ணாடியை அறைகிறாள், கதறுகிறாள், முகத்தைக் கண்ணாடியில் தேய்த்துக்கொண்டு கெஞ்சுகிறாள். உள்ளே அவன் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறான். கையில் துப்பாக்கி இருக்கிறது. அவளைக் கொல்லவும் அவனால் முடியவில்லை, கதவைத் திறக்கவும் முடியவில்லை. அவள் நம்பிக்கை இழந்து காட்டுக்குள் ஓடுகிறாள். சுடுகிறார்கள். கார் ஓட்டி வந்த கூலியாளே இவனைப் பார்த்துக் காறி உமிழாத குறை.

நண்பர்களே, அந்தக் கண்ணாடிக்குப் பின்னால் இருப்பது யார் முகம்? 'இசட்'டில் நாம் எழுந்து நின்று கைதட்டத் துடித்தோமே, அதே முகம்! ஒரு தசைகூட வேறு விதமாக அசைந்ததாகச் சொல்ல முடியாது. அங்கே அசையாமை சட்டத்தின் முதுகெலும்பு. இங்கே அசையாமை முதுகெலும்பே இல்லாதவனின் ஒளிவிடம். நடிப்புக் கல்லூரிகளில் பாடம் எடுப்பவர்கள் இந்த இரண்டு காட்சிகளையும் அடுத்தடுத்துப் போட்டுக் காட்டினால் போதும், ஆறு மாத வகுப்பு மிச்சம்.

இங்கே ஒன்றைச் சொல்லியாக வேண்டும். அந்தப் படப்பிடிப்புக் காலத்தில்தான் ரோமில் அவருடைய கைக்குழந்தை போலின் இறந்துபோனாள். மனைவி நதீன் இயக்குநர், அந்த இழப்பைப் பின்னால் ஒரு படமாகவே எடுத்தார். அந்தத் துக்கம்தான் 'கன்ஃபார்மிஸ்ட்' படத்தில் அவர் முகத்தில் தெரிகிறது என்று எழுதுகிறவர்கள் உண்டு. எனக்கு அதில் உடன்பாடில்லை. ஒரு தகப்பனின் துயரத்தை நம் ரசனைக்கு எடுத்துக்காட்டாக்குவது முறையாகாது. மேலும், அந்த மார்செல்லோ எதற்கும் துக்கப்படத் தெரியாதவன். துக்கத்தில் மூழ்கியிருந்த ஒருவர் துக்கமே இல்லாத ஒருவனை நடித்துக் காட்டினார் என்பதுதான் என் கண்ணுக்குத் தெரிகிற அதிசயம்.

அதே பெர்த்தொலுச்சி அடுத்த படத்துக்கும் அவரைத்தான் கேட்டார். 'பாரிஸில் கடைசி டாங்கோ'. நிர்வாணக் காட்சிகளுக்குத் தன்னால் ஆகாது என்று மறுத்துவிட்டார். மார்லன் பிராண்டோ நடித்தார். பியோலாங்க் பையனின் கூச்சம் நாற்பது வயதிலும் போகவில்லை!

எழுபதுகளையும் எண்பதுகளையும் வேகமாகக் கடந்துவிடுகிறேன். இரண்டு படங்களைத் தானே இயக்கினார், ஓடவில்லை. குடும்ப நோய் விடவில்லை, 1980இல் லே மான் பந்தயத்தில் போர்ஷே ஓட்டினார். 1983இல் திரூஃபோவின் கடைசிப் படத்தில், கொலைப்பழி சுமந்து தன் அலுவலகத்தின் பின்னறையில் பதுங்கியிருக்கும் ஆளாக வந்தார். வெளியே போய்த் துப்பு துலக்குவது செயலாளரான ஃபானி அர்தான். 1986இல் 'ஓர் ஆணும் ஒரு பெண்ணும்' படத்துக்கு இருபது ஆண்டு கழித்து ஒரு தொடர்ச்சி எடுத்தார்கள், எடுக்காமலே இருந்திருக்கலாம்.

குரலைப் பற்றி மட்டும் ஒரு வார்த்தை. ஸ்டான்லி குப்ரிக்கின் 'ஷைனிங்' படத்தின் பிரெஞ்சு வடிவத்தில் ஜாக் நிக்கல்சனுக்குப் பின்னணி பேசியது யார்? நம் திரந்தின்யான்தான். கோடரியோடு கதவைப் பிளக்கும் அந்தப் பித்தனுக்கு இந்தச் சாது மனிதரின் குரல்! இன்னொரு படத்தில், தொட்டிக்குள் மிதக்கும் ஒரு மூளைக்குக் குரல் கொடுத்தார். அந்த மூளைக்குத் தலைவலி வேறு.

இனி 1994. கிஷ்லோவ்ஸ்கியின் 'மூன்று வண்ணங்கள்: சிவப்பு'. ஜெனீவா நகரம். ஓய்வுபெற்ற நீதிபதி, தனியாள். இளம் பெண்ணொருத்தி தன் காரில் அடிபட்ட நாயைத் தூக்கிக்கொண்டு அவர் வீட்டைத் தேடி வருகிறாள். நாய்க்கு என்ன ஆனாலும் அவருக்குக் கவலையில்லை. வானொலிப் பெட்டி போன்ற கருவியை வைத்துக்கொண்டு அக்கம்பக்கத்தாரின் தொலைபேசிப் பேச்சை ஒட்டுக்கேட்பதுதான் அவருடைய பொழுதுபோக்கு. கடைசியில் தன்னைத்தானே காட்டிக்கொடுத்துக்கொள்கிறார். அக்கம்பக்கத்தார் ஜன்னலில் கல்லெறிகிறார்கள். எறிந்த கற்களை எடுத்துப் பியானோவின் மேல் வரிசையாக வைத்திருக்கிறார்! 'இசட்'டின் நீதிபதிக்கும் இந்த நீதிபதிக்கும் இடையே இருபத்தைந்து ஆண்டுகள். முன்னவருக்குத் தீர்ப்பின் மேல் சந்தேகமே கிடையாது. பின்னவர் வாழ்நாள் முழுக்கத் தீர்ப்பு எழுதிவிட்டு, அடுத்தவனைப் பற்றி முடிவு சொல்ல நான் யார் என்று கேட்டுக்கொண்டிருக்கிறார். முன்னவரைப் பார்த்தவர்களுக்குத்தான் பின்னவரின் பாரம் முழுசாகப் புரியும்.

பிறகு 2003 வந்தது. அவருடைய மகள் மரீ, நடிகை. அப்பாவும் மகளும் சேர்ந்து அப்போலினேரின் கவிதைகளை மேடையில் வாசித்து வந்தார்கள். லித்துவேனியாவின் வில்னியுஸ் நகரில், தாய் நதீன் இயக்கிய படத்தில் நடிக்கப் போன இடத்தில், கூட வாழ்ந்தவனின் அடியில் நினைவிழந்த மரீ, பிரான்சுக்குக் கொண்டுவந்த பின் உயிரிழந்தாள். இதற்கு மேல் அதைப் பற்றிப் பேச நான் விரும்பவில்லை. அவர் சினிமாவை விட்டு விலகினார். ஆனால் மேடையை விடவில்லை. பிரெவேர், வியான், தெஸ்னோஸ் என்று கவிஞர்களை எடுத்துக்கொண்டு, பக்கத்தில் அக்கார்டியன் இசையோடு, வாசித்துக்கொண்டே இருந்தார். இசைவான ஒரு குரலும் ஒரு நாற்காலியும் போதும் என்று ஆகிவிட்டது.

ஏறத்தாழப் பத்தாண்டுகள் கழித்து அவரைக் கேமராவுக்கு முன்னால் இழுத்து வந்தவர் இயக்குநர் மிகேல் ஹானெகெ. திரந்தின்யானை மனதில் வைத்தே எழுதிய கதை. 2012. 'அமூர்'. ஜார்ஜும் ஆனும் ஓய்வுபெற்ற இசை ஆசிரியர்கள். ஆனாக எமானுவேல் ரீவா.

காலை உணவு மேசை. பேசிக்கொண்டிருந்த மனைவி திடீரென்று வெறித்த பார்வையோடு நின்றுவிடுகிறாள். ஜார்ஜ் கூப்பிடுகிறார், பதில் இல்லை. எழுந்து போய்க் குழாயைத் திறந்து துணியை நனைத்து வந்து அவள் முகத்தில் ஒற்றுகிறார். அசைவில்லை. உதவி தேட வேண்டும், உடை மாற்ற உள்ளே போகிறார். பதற்றத்தில் குழாயை மூடவில்லை. தண்ணீர் கொட்டும் சத்தம் நமக்கும் கேட்கிறது, அவருக்கும் கேட்கிறது. சட்டைப் பொத்தானைப் போட்டுக்கொண்டிருக்கும்போது அந்தச் சத்தம் சட்டென்று நிற்கிறது. திரும்பிப் பார்க்கிறார். அவள்தான் எழுந்து மூடியிருக்கிறாள், நடந்தது எதுவும் தெரியாமல், குழாயைத் திறந்து விட்டுப் போனதற்காக அவரைக் கடிந்துகொள்கிறாள். அழ வேண்டுமா, கோபப்பட வேண்டுமா, நிம்மதிப் பெருமூச்சு விட வேண்டுமா? மூன்றும் அந்த முகத்துக்குள் வந்து முட்டுகின்றன, ஒன்றும் வெளியே வரவில்லை. எண்பது வயது மனிதர் செய்த காட்சி அது.

படம் கான் விழாவில் தங்கப் பனையை வென்றது, பிறகு ஆஸ்கரும் பெற்றது. பிரான்சின் சேசர் விருது, சிறந்த நடிகருக்கானது, அவர் கைக்கு முதல் முறையாக வந்தது 2013இல்தான். எண்பத்திரண்டு வயதில்! நம் ஊர் விருதுக் குழுக்களை மட்டும் திட்டிக்கொண்டிருக்கிறோமே, அங்கேயும் அதே கூத்துதான்.

2019இல் லெலூஷ் அவரை மறுபடி அழைத்தார். ஐம்பத்து மூன்று ஆண்டுகளுக்கு முந்தைய அதே பந்தய வீரர், இப்போது முதியோர் இல்லத்தில், நினைவு மங்கிய நிலையில். அனூக் எமே பார்க்க வருகிறார். இவர் அவரிடமே, 'நான் காதலித்த ஒருத்தி இருந்தாள்' என்று சொல்லத் தொடங்குகிறார். 1986இல் எடுத்த தொடர்ச்சியைத் திட்டினேனே, இந்தப் படத்துக்காக லெலூஷை மன்னித்துவிட்டேன். 2022 ஜூன் 17 அன்று, தெற்கே தன் வீட்டில், திரந்தின்யான் காலமானார். வயது 91.

கூட்டம் முடிந்ததும் வழக்கமாக ஒரு கேள்வி வரும்: எதிலிருந்து பார்க்கத் தொடங்குவது? எல்லாரும் 'அமூர்' என்பார்கள். என் பேச்சைக் கேட்டால், அதைக் கடைசிக்குத் தள்ளுங்கள். ஒரு சனிக்கிழமை இரவு 'இல் சோர்ப்பாஸோ' பாருங்கள், சிரித்துக்கொண்டே உள்ளே போய்விடலாம். மறுநாள் காலை 'இசட்', அன்று மாலையே 'கன்ஃபார்மிஸ்ட்'. இரண்டுக்கும் நடுவே ஒரு நாளுக்கு மேல் இடைவெளி விடாதீர்கள், முகம் கண்ணில் காயாமல் இருக்க வேண்டும். 'மோதின் வீட்டில் ஓர் இரவு' படத்தை நண்பர்களோடு பாருங்கள், முடிந்ததும் கட்டாயம் சண்டை வரும். 'சிவப்பு' தனியாகப் பார்க்க வேண்டியது. பிரதிகள் நம் சங்கத்து நூலகத்தில் இருக்கின்றன, செயலாளரிடம் கையெழுத்துப் போட்டு எடுத்துப் போகலாம், ஆனால் தயவுசெய்து ஒரு வாரத்தில் திருப்பிக் கொடுத்துவிடுங்கள். நாற்காலி கிடைக்காமல் சுவரோரம் நிற்கும் தம்பிகளுக்குத்தான் முதல் முறை.